புல்தரைக்கு அடியில்

அந்தப் பூங்காவில் புல் வெட்டும் வண்டியை ஓட்டியவளை எல்லோரும் வண்டியக்கா என்றே கூப்பிட்டார்கள். பெற்றவர்கள் வைத்த பெயர் சம்பளப் பட்டியலில் மட்டும் இருந்தது. பதினாறு வருடம் அதே பெரிய புல்தரையில் போய்த் திரும்பியதில், எங்கே மேடு, எங்கே தண்ணீர் தேங்கும் என்று கண்ணை மூடிக்கொண்டாலும் அவளுடைய இடுப்பு எலும்பு சொல்லிவிடும். அதனால்தான் அந்தத் திங்கட்கிழமை காலை, தரையின் நட்டநடுவில் முன்சக்கரம் நாலு விரல் இறங்கி ஏறியபோது அவளுக்கு உடம்பு சில்லிட்டது. அங்கே பள்ளம் கிடையாது. வெள்ளிக்கிழமை வரை கிடையாது.

வண்டியை நிறுத்திவிட்டு இறங்கினாள். குதிகாலால் தரையைத் தட்டிப் பார்த்தாள். காலிப் பீப்பாயைத் தட்டியது போல ஒரு சத்தம் வந்தது. இரண்டடி தள்ளித் தட்டினாள். அதே சத்தம். சக்கரம் இறங்கிய இடத்தில் புல் கிழிந்து, கை நுழையும் அளவுக்கு ஒரு துளை இருந்தது. காற்று துளிகூட இல்லாத காலை. ஆனாலும் அந்தத் துளையைச் சுற்றியிருந்த புல் மட்டும் ஆடியது. குனிந்து உள்ளங்கையை மேலே பிடித்தாள். பழைய கிணற்றின் வாடையோடு குளிர்ந்த காற்று வந்தது.

ஒரு கூழாங்கல்லை எடுத்து உள்ளே போட்டுவிட்டுக் காதைக் கொடுத்தாள். எதுவும் கேட்கவில்லை. இன்னும் பெரிய கல்லைப் போட்டாள். அதுவும் போன இடம் தெரியவில்லை. கல் விழுந்த சத்தம் கேட்டிருந்தால்கூட அவள் அவ்வளவு பயந்திருக்க மாட்டாள்.

வண்டியில் ஏறாமல், அதைக் கையால் தள்ளிக்கொண்டே ஓரத்துக்கு வந்தாள்.

பூங்காவின் சூப்பர்வைசர் வெயிலோ மழையோ குடையைக் கீழே வைக்காத மனிதர். அவர் வந்து, குடை நுனியால் துளையைக் குத்திப் பார்த்தார்.

"எலி வளை. ரெண்டு கூடை மண்ணைக் கொட்டி மூடிடும்மா."

"எலி வளையில காத்து வருமா சார்?"

"எலியும் மூச்சு விடணும் இல்ல?" என்றார் அவர். அவரே சிரித்தார். அவள் சிரிக்கவில்லை.

மூன்று கூடை மண் கொட்டினாள். மேலே ஒரு குச்சியை நட்டு, யாரும் மிதிக்காதபடி சிவப்புத் துணி கட்டினாள். செவ்வாய்க்கிழமை காலை வந்து பார்த்தால், கொட்டிய மண் மொத்தமும் காணோம். குச்சி மட்டும் சாய்ந்து நின்றது. துளை இப்போது தலை நுழையும் அளவுக்கு ஆகியிருந்தது.

அன்று வேலையே ஓடவில்லை. ஓரத்தில் உட்கார்ந்து போகிறவர் வருகிறவரைப் பார்த்துக்கொண்டிருந்தாள். ஐந்தரைக்குக் கதவு திறந்ததும் வேக நடைக்காரர்கள் வந்தார்கள். யாரோ சட்டம் போட்டது போல எல்லோரும் இடமிருந்து வலமாகவே சுற்றினார்கள். ஆறரைக்குச் சிரிப்புச் சங்கத்தார் புல்தரையில் வட்டமாக நின்று, காரணமே இல்லாமல் அரைமணி நேரம் வயிறு குலுங்கச் சிரித்தார்கள். பதினொரு மணிக்குத் தேர்வுக்குப் படிப்பவர்கள் மர நிழலைப் பங்கு போட்டுக்கொண்டார்கள். மதியம் வாடகைக் கார் ஓட்டுநர்கள் முகத்தில் துண்டைப் போட்டுக்கொண்டு புல்லில் தூங்கினார்கள். சாயங்காலம் தள்ளுவண்டியில் கைக்குழந்தைகள் வந்தன. நகரத்தின் பாதி இந்தப் பச்சையின் மேல்தான் படுத்து எழுந்து போகிறது. அதற்கு அடியில் என்ன இருக்கிறது என்று ஒருவருக்கும் தெரியாது. 

இன்னொன்றும் இருந்தது. வருகிற சனிக்கிழமை பூங்காவுக்கு நூறு வயது நிறைகிறது. ஐந்நூறு பள்ளிப் பிள்ளைகள் அந்தப் புல்தரையில் ஒரே தாளத்துக்கு உடற்பயிற்சி செய்து காட்டப் போகிறார்கள். அவளுடைய பதினொரு வயது மகளுக்கு முதல் வரிசையில் இடம்.

சாயங்காலம் வீட்டுக்குள் நுழையும்போதே மகள் கூடத்தில் பயிற்சி எடுத்துக்கொண்டிருந்தாள். "ஒண்ணு, ரெண்டு, மூணு, குதி." ஒவ்வொரு குதிக்கும் சமையலறை அலமாரியில் தட்டுகள் கிணுகிணுத்தன. கீழ் வீட்டுக்காரர் துடைப்பக் கட்டையால் கூரையை இடித்தார்.

"கண்ணு, போதும். உக்காரு."

"இன்னும் நாலு ரவுண்டு இருக்கும்மா. எல்லாரும் ஒரே நேரத்துல தரையில கால் வைக்கணுமாம். அப்பதான் கம்பீரமா இருக்கும்னு மாஸ்டர் சொன்னாரு."

ஒற்றைப் பிள்ளை குதித்தால் ஒரு வீடு அதிர்கிறது. ஐந்நூறு பிள்ளைகள் ஒன்றாகக் குதித்தால்? அவள் கணவனிடம் எல்லாவற்றையும் சொன்னாள். அவன் லிஃப்ட் பழுது பார்ப்பவன். ஆழத்தைத் தினமும் எட்டிப் பார்த்து வேலை செய்கிறவன். அதனால் அவன் சிரிக்கவில்லை.

"சத்தம் மாறிச்சுன்னா நாங்க உடனே நிறுத்திடுவோம். காரணம் அப்புறம்தான். உன் ஆபீஸர் காரணம் கேப்பாரு. அதைத் தேடு. தங்கச்சிகிட்ட போ."

அவனுடைய தங்கை நகராட்சியின் வரைபட அறையில் வேலை பார்த்தாள். அண்ணியிடம் பிரியம் உண்டு, ஆனால் வாய் அதிகம். புதன்கிழமை அரைநாள் விடுப்புப் போட்டுவிட்டு வண்டியக்கா அங்கே போனாள். ஜன்னல் இல்லாத நீளமான அறை. சுவரோரம் சுருட்டி வைத்த தாள்கள், பூச்சி மருந்து வாடை. நாத்தனார் ஏணியில் ஏறி இறங்கித் தும்மிக்கொண்டே இரண்டு மணி நேரம் தேடினாள். கடைசியில் மேசையில் ஒரு மஞ்சள் தாளைப் பிரித்தாள். அதற்குப் பிறகு அவள் வாயே திறக்கவில்லை. அதுவே வண்டியக்காவைப் பயமுறுத்தியது.

"என்னடி, சொல்லேன்."

"அண்ணி, உங்க பூங்கா வாசல்ல ஒரு கல்வெட்டு இருக்கே. ஒரு செல்வந்தர் தன் தோட்டத்தை ஊருக்குத் தானமா குடுத்தாருன்னு."

"ஆமா."

"அங்க தோட்டமே கிடையாது. முதல்ல அது செங்கல்லுக்கு மண் தோண்டின குழி. அப்புறம் ஊர்ல விஷக் காய்ச்சல் வந்து தெருத் தெருவா ஆளுங்க செத்திருக்காங்க. திறந்த குளத்துத் தண்ணியாலதான்னு சொல்லி, குழிக்குள்ளயே செங்கல்லால தூண் எழுப்பி, மேல வளைவு கட்டி, மூடின தண்ணித் தொட்டியா ஆக்கியிருக்காங்க. நாப்பது வருஷம் ஊரே அந்தத் தண்ணியத்தான் குடிச்சிருக்கு. அப்புறம் ஆத்துலேந்து குழாய் வந்துடுச்சு. தொட்டியப் பூட்டி, மேல முழங்கால் உயரம் மண்ணைப் போட்டுப் புல்லு விதைச்சுட்டாங்க. உங்க செல்வந்தர் குடுத்தது பெஞ்சும் நீரூற்றும்தான்."

"தொட்டிய நிரப்பலையா?"

"நிரப்பினதா எங்கயும் எழுதலை."

வரைபடத்தில் தூண்கள் சின்னச் சின்னக் கட்டங்களாக, வரிசை வரிசையாக நின்றன. புல்தரை முழுக்கப் பரவி, கிழக்கே தாளின் ஓரம் வரை வந்து நின்றன. ஆழம் இருபத்திரண்டு அடி. அவள் அந்த எண்ணின் மேல் விரலை வைத்தபடியே இருந்தாள். பதினாறு வருடம் இருபத்திரண்டு அடி வெற்றிடத்தின் மேல் பாட்டுக் கேட்டுக்கொண்டு வண்டி ஓட்டியிருக்கிறாள். தண்ணீர் ஊற்றி ஊற்றி அந்தக் கூரையை ஊற வைத்ததும் அவள்தான்.

வரைபடத்தைக் கைபேசியில் படம் எடுத்துக்கொண்டு ஓடினாள். சூப்பர்வைசர் அதைப் பெரிதாக்கிப் பெரிதாக்கிப் பார்த்தார். முகம் சுண்டிப்போனது. உடனே மேலதிகாரியிடம் தொலைபேசியில் பேசினார். அவர் பேசியதைவிட "சரிங்க சார்" என்றதுதான் அதிகம். வைத்துவிட்டு அவளைப் பார்க்காமல் சொன்னார்.

"அழைப்பிதழ் போயிடுச்சாம். நூறு வருஷம் நின்னது சனிக்கிழமை அன்னைக்குத்தான் விழணுமான்னு கேக்குறாரு. திங்கட்கிழமை இன்ஜினியரை அனுப்புறாராம்."

"அப்ப சனிக்கிழமை?"

"என்னால என்னம்மா செய்ய முடியும்? நான் வெறும் செடிக்குத் தண்ணி ஊத்துறவன்."

அன்று இரவுச் சாப்பாட்டில் யாருக்கும் கை ஓடவில்லை. மகள் பக்கத்து வீட்டுக்குப் போனதும் கணவன் மெதுவாக ஆரம்பித்தான்.

"நம்ம பொண்ணுக்குக் காய்ச்சல்னு சொல்லி வீட்டுல வச்சுக்கலாம்."

அவளும் அதைத்தான் மத்தியானத்திலிருந்து நினைத்துக்கொண்டிருந்தாள். அவன் வாயால் கேட்டபோதுதான் அது எப்படிப்பட்ட நினைப்பு என்று தெரிந்தது.

"மிச்சம் நானூத்தித் தொண்ணூத்தொம்பது பேருக்கும் காய்ச்சல்னு சொல்ல முடியுமா?"

 தட்டில் கைகழுவிவிட்டு எழுந்தான்.

சனிக்கிழமை காலை ஐந்து மணிக்கே அவள் பூங்காவுக்குப் போனாள். மருந்து அறையில் தீர்ந்துபோன பூச்சிமருந்துக் கேன் ஒன்று கிடந்தது. அதில் தண்ணீர் விட்டுக் குலுக்கித் தெளிப்பானில் ஊற்றினாள். புல்தரையின் உள்ளே கால் வைக்காமல் ஓரமாகவே நடந்து சுற்றித் தெளித்தாள். மூக்கைப் பொத்த வைக்கும் நாற்றம் எழுந்தது. நான்கு பக்கமும் கயிறு கட்டிப் பலகைகளை மாட்டினாள். 'கடும் விஷ மருந்து தெளிக்கப்பட்டுள்ளது. இரண்டு நாள் மிதிக்காதீர்கள்.' கடைசிப் பலகையை மாட்டிவிட்டு எழுத்துகளை ஒருமுறை படித்தாள். அரசாங்கப் பலகையில் பொய். வேலை போய்விடும் என்று அவளுக்குத் தெரியும்.

ஆறு மணிக்குச் சூப்பர்வைசர் வந்தார். பலகையைப் படித்தார். மோந்து பார்த்தார்.

"எந்த மருந்தும்மா அடிச்ச?"

"புழு மருந்து சார். வேர்ப்புழு வந்திருந்துச்சு."

"அந்தக் கேன் போன மாசமே காலி. நான்தான் கையெழுத்துப் போட்டேன்."

அவள் தரையைப் பார்த்துக்கொண்டு நின்றாள்.  அவர் குடையை விரித்தார், மடக்கினார், மறுபடி விரித்தார். பிறகு கைபேசியை எடுத்து டிரில் மாஸ்டரைக் கூப்பிட்டார்.

"சார், புல்தரையில மருந்து அடிச்சிருக்கோம். பிள்ளைங்களுக்கு ஆகாது. ஆமா, தப்புதான், மன்னிக்கணும். கிழக்கால கல் பாவின வட்டத் திடல் இருக்கு. அங்க வச்சுக்கலாம்."

அவர் போனதும் அவள் புல்தரை ஓரத்துப் பம்ப் அறைச் சுவரில் சாய்ந்து உட்கார்ந்துவிட்டாள். 

ஒன்பது மணிக்கு விழா ஆரம்பித்தது. வெள்ளைச் சீருடையில் ஐந்நூறு பிள்ளைகள் வட்டத் திடலை நிரப்பினார்கள். வாசலுக்கு எதிர்ப்பக்கம் காலையில் அவசரமாகப் போட்ட மேடை. மேடையை ஒட்டி முதல் வரிசை. அவளுடைய மகள் கழுத்தை நீட்டி அம்மாவைத் தேடி, கண்டுபிடித்துப் பல்லைக் காட்டினாள். ஒலிபெருக்கியில் மேளச் சத்தம் எழுந்தது. வண்டியக்கா பம்ப் அறை வாசலில், கயிற்றை யாரும் தாண்டாதபடி காவல் நின்றாள். அவளுக்கும் திடலுக்கும் நடுவில் எண்பது தப்படி இருக்கும்.

"ஒண்ணு, ரெண்டு, மூணு, குதி."

ஆயிரம் கால்கள் ஒன்றாக இறங்கின. கம்பீரமாகத்தான் இருந்தது. கூட்டம் கை தட்டியது. அவளும் தட்டப் போனாள்.

கை பாதியில் நின்றது. காலியான புல்தரையின் நடுவில், துளைக்குப் பக்கத்தில் திங்கட்கிழமை நட்ட குச்சியில் சிவப்புத் துணி தொங்கிக்கொண்டிருந்தது. அது இப்போது ஒருமுறை எழும்பி அடங்கியது.

மரத்தில் ஓர் இலை அசையவில்லை.

"ஒண்ணு, ரெண்டு, மூணு, குதி."

துணி எழும்பியது. அடங்கியது.

பிள்ளைகள் அங்கே குதிக்கிறார்கள், இங்கே துளை மூச்சு விடுகிறது. அப்படியானால் தொட்டி இங்கே முடியவில்லை. வரைபடத்தில் கட்டங்கள் தாளின் ஓரத்தில் நின்றது அவள் கண் முன்னால் வந்தது. தாள்தான் அங்கே முடிந்தது. தொட்டி முடியவில்லை. கிழக்கே போயிருக்கிறது, வட்டத் திடலுக்கு அடியில். பிள்ளைகளைக் கூட்டிக்கொண்டு போய் அதன் மேல் நிறுத்தியதே அவள்தான்.

 கத்தலாம் என்று வாயைத் திறந்தாள். கத்தினால் ஓடுவார்கள். ஐந்நூறு பேர் ஒரே நேரத்தில் ஓடினால் அது குதிப்பதைவிட மோசம். மேடையின் மின்கம்பி பம்ப் அறைக்குள்ளிருந்துதான் போனது. திரும்பி, செருகியிருந்த பிளக்கைப் பிடுங்கினாள்.

மேளம் செத்தது. பிள்ளைகள் தாளம் தவறித் திருதிருவென்று விழித்தார்கள். ஆனால் டிரில் மாஸ்டர் அனுபவசாலி. விசிலை வாய்க்கு எடுத்தார். அவள் நடந்தாள். ஓடக் கூடாது என்று தனக்குள் சொல்லிக்கொண்டே, பாதத்தை மெத்தென்று வைத்து, எண்பது தப்படியையும் நடந்தே கடந்தாள். திடலின் கல்லில் கால் வைத்தபோது உள்ளங்காலில் ஒரு நடுக்கம் தெரிந்தது. தன் காலா, கல்லா என்று அவளுக்குப் புரியவில்லை.

"சார், ஊதாதீங்க."

"யாரும்மா நீ?"

"புல்லு வெட்டுறவ. கீழ வெற்றிடம் சார். இருபத்திரண்டு அடி. பிள்ளைங்க ஓடக் கூடாது. சேர்ந்து கால் வைக்கக் கூடாது. மெல்ல வெளிய கொண்டு போங்க."

அவர் அவளைப் பைத்தியத்தைப் பார்ப்பது போலப் பார்த்தார். அதற்குள் சூப்பர்வைசர் வந்துவிட்டார். துணி எழும்பி அடங்கியதை அவரும் பார்த்திருந்தார். குடை கையில் இல்லை; எங்கேயோ விட்டுவிட்டு வந்திருந்தார்.

"அவ சொல்றதைச் செய்யுங்க சார்," என்றார். குரல் உடைந்திருந்தது.

டிரில் மாஸ்டர் ஒரு கணம் இருவரையும் மாறி மாறிப் பார்த்தார். பிறகு விசிலைச் சட்டைப் பைக்குள் போட்டுக்கொண்டு, பிள்ளைகளைப் பார்த்துச் சாதாரணமாகப் பேசினார். அந்தச் சாதாரணத்தை அவள் சாகும்வரை மறக்க மாட்டாள்.

"இப்ப ஒரு புதுப் போட்டி. பூனை நடை. கடைசி வரிசையிலேந்து ஒவ்வொருத்தரா வாசல் வரைக்கும் போகணும். யாரோட காலடிச் சத்தம் என் காதுல விழுதோ, அவங்க அவுட்."

பிள்ளைகள் களுக்கென்று சிரித்தார்கள். பிறகு நடந்தார்கள். ஐந்நூறு பிள்ளைகள் நுனிக்காலில், உதட்டைக் கடித்துக்கொண்டு, கைகளை இறக்கை போல விரித்துக்கொண்டு நகர்ந்தார்கள். பெற்றோர்கள் ஒன்றும் புரியாமல் கைபேசியில் படம் எடுத்தார்கள். மேடையில் தலைமை விருந்தினர் எழுந்து நின்று ஏதோ சத்தம் போட்டார். ஒலிபெருக்கி இல்லாததால் அது யாருக்கும் கேட்கவில்லை.

கடைசி வரிசையிலிருந்து வெளியேறினால் முதல் வரிசை கடைசியில்தான் வரும். வண்டியக்கா திடலின் நடுவில் நின்று வரிசை வரிசையாக வழி காட்டினாள். முப்பது பேர், அறுபது பேர், நூறு பேர். கல்லுக்கடியில் எங்கோ மணல் சரிவது போல ஒரு சத்தம் கேட்டது. யாரும் திரும்பிப் பார்க்கவில்லை. தன் காதில் மட்டும்தான் விழுந்ததா என்று சந்தேகம் வந்தது. ஓடிப்போய் மகளைத் தூக்கிக்கொள்ள வேண்டும் என்று உடம்பு முழுக்க அடித்துக்கொண்டது. அவள் அசையாமல் நின்றாள். மகளோ போட்டியில் ஜெயித்துவிடும் ஆசையில், ஒவ்வொரு அடிக்கும் நடுவில் நின்று, மூச்சைப் பிடித்து, உலகத்திலேயே மெதுவாக நடந்து வந்தாள்.

"சீக்கிரம் வா கண்ணு," என்று உதட்டை மட்டும் அசைத்தாள்.

மகள் விரலை வாயில் வைத்து அம்மாவை அதட்டினாள்.

கடைசிப் பிள்ளை வாசலைத் தாண்ட இருபது நிமிடம் ஆனது. மேடையில் இருந்தவர்களும் முணுமுணுத்துக்கொண்டே இறங்கிப் போனார்கள். திடல் அப்படியே நின்றது. எதுவும் விழவில்லை.

விழவில்லை என்பதுதான் பிரச்சினையாகிவிட்டது. பொய்ப் பலகை வைத்தது, விழாவைக் குலைத்தது, விருந்தினரை அவமதித்தது என்று அவளுக்கு ஒரு மெமோ வந்தது. துணைபோனதாகச் சூப்பர்வைசருக்கும் ஒன்று. வேலைக்கு வர வேண்டாம் என்றார்கள். அரண்டவன் கண்ணுக்கு இருண்டதெல்லாம் பேய் என்று கூட வேலை செய்தவர்களே சிரித்தார்கள். வீட்டில் உட்கார்ந்திருந்த அந்த இரண்டு நாளில் அவளுக்கே தன்மேல் நம்பிக்கை ஆட்டம் கண்டது. துணி நிஜமாகவே எழும்பியதா?

திங்கட்கிழமை இன்ஜினியர் வந்தார். அவளையும் கூப்பிட்டு அனுப்பியிருந்தார்கள், அவள் முன்னாலேயே பொய்யை நிரூபித்துவிட. வட்டத் திடலின் நடுவில் ஒரு கல்லைப் பெயர்த்து, ஆள் உயரக் கம்பியை மண்ணில் வைத்துச் சுத்தியலால் அடித்தார்கள். மூன்றாவது அடியில் கம்பி கையிலிருந்து நழுவி உள்ளே போய்விட்டது. இன்ஜினியர் வெறும் கையை நீட்டிக்கொண்டு நின்றார். கீழிருந்து சத்தம் வரவில்லை.

துளையைப் பெரிதாக்கி, கயிற்றில் விளக்கையும் கேமராவையும் கட்டி இறக்கினார்கள். சின்னத் திரையில் முதலில் இருட்டுத்தான். பிறகு செங்கல் வளைவுகள் தெரிந்தன, கோயில் மண்டபம் போல, ஒன்றுக்குப் பின் ஒன்றாக. தரை முழுவதும் சேறு. கல் போட்டால் சத்தம் வராததன் காரணம் அதுதான். திடலுக்கு நேர் கீழே இருபது தூண்கள் இருந்திருக்க வேண்டும். எட்டுத் தூண்கள் விழுந்து சேற்றுக்குள் கிடந்தன. இன்னும் மூன்று தூண்கள் அடிப்பகுதி கரைந்து, இடுப்பொடிந்தவன் சுவரைப் பிடிப்பது போல வளைவில் தொங்கிக்கொண்டிருந்தன.

இன்ஜினியர் திரையை வெகு நேரம் பார்த்தார்.

"புல்தரைப் பக்கம் பரவாயில்லம்மா. இந்தப் பக்கம்தான் மோசம்," என்றார். "இது ஏன் நின்னுச்சுன்னு எனக்குத் தெரியலை."

பிள்ளைகளை வெளியேற்றியதைப் பாராட்டத்தான் அவர் வந்தார். அவள் பக்கத்திலிருந்த மரத்தைப் பிடித்துக்கொண்டு வாந்தி எடுத்தாள்.

பூங்காவைப் பூட்டி, சுற்றிலும் தகரம் அடித்தார்கள். மெமோவைத் திரும்பப் பெற்றுக்கொள்வதாக ஒற்றை வரியில் ஒரு கடிதம் வந்தது. மன்னிப்பு என்ற சொல் அதில் இல்லை. சூப்பர்வைசரை நாற்றுப் பண்ணைக்கு மாற்றினார்கள். நாத்தனார் விடாமல் தேடி வரைபடத்தின் இரண்டாவது தாளையும் கண்டுபிடித்தாள். அதைத் தூக்கிக்கொண்டு வீட்டுக்கே வந்தாள், வண்டியக்கா பார்க்க மாட்டேன் என்றுவிட்டாள். வேக நடைக்காரர்கள் தெருவோரத்தில் தகரத்தைச் சுற்றி நடந்தார்கள், அதே இடமிருந்து வலமாக. சிரிப்புச் சங்கத்தார் ஒரு பள்ளி மைதானத்துக்குப் போனார்கள். அங்கே முதலில் ஒருவர் குதித்துப் பார்த்த பிறகுதான் சிரிக்க ஆரம்பிப்பார்கள் என்று கேள்வி.

ஏழாவது வாரம் நல்ல மழை. ஒரு புதன்கிழமை மதியம் இரண்டு மணிக்கு, உள்ளே ஆள் யாரும் இல்லாதபோது, வட்டத் திடல் மொத்தமாக உள்ளே போனது. இரண்டு தெரு தள்ளி இருந்தவர்கள் இடி என்று நினைத்தார்களாம்.

மறுநாள் பள்ளி விட்டதும் மகள் பார்க்க வேண்டும் என்று அடம்பிடித்தாள். வண்டியக்கா அவளைக் கூட்டிப் போனாள். தகரத்தின் இடுக்கு வழியாக இருவரும் பார்த்தார்கள். மேடை இருந்த இடம், கல் பாவிய தரை, விளக்குக் கம்பங்கள் எல்லாம் காணாமல் போய், ஒரு பெரிய பழுப்புக் குழி மட்டும் இருந்தது. ஓரத்திலிருந்து இன்னும் மண் பொலபொலவென்று உதிர்ந்துகொண்டிருந்தது. மகள் ஓர் அடி பின்னால் வந்தாள். அம்மாவின் முந்தானையைச் சின்னக் குழந்தை போலப் பிடித்துக்கொண்டாள்.

"அம்மா, நான் நின்ன இடம் எது?"

வண்டியக்காவுக்கு அது துல்லியமாகத் தெரியும். குழியின் ஆழமான பகுதி அது, சேற்றுத் தண்ணீர் கட்டியிருந்த இடம். தினமும் விடியற்காலையில் கண் விழித்ததும் மனதுக்குள் அவள் அந்த இடத்தில்தான் நின்றாள்.

கையை நீட்டி, குழிக்கு வெளியே, இடியாமல் நின்ற ஒரு வேப்பமரத்தைக் காட்டினாள்.

"அதோ, அந்த மரத்துக்கிட்ட. நீ ஓரமாத்தான் கண்ணு நின்ன."

மகள் அந்த மரத்தைப் பார்த்தாள். பிறகு அம்மாவின் முகத்தைப் பார்த்தாள்.  இருவரும் திரும்பி நடந்தார்கள். தெருவில் கால் வைக்கும்போது மகள் நுனிக்காலில் நடப்பதை வண்டியக்கா கவனித்தாள். கவனிக்காதது போலவே அவளுடைய புத்தகப் பையை வாங்கித் தன் தோளில் போட்டுக்கொண்டாள்.